வாசகர் கேள்விகள்: கவிஞர் கபிரோலும் தத்துவஞானி அவிசெப்ரோனும்

சென்ற இதழில், 11-ஆம் நூற்றாண்டு ஸ்பெயினில் வாழ்ந்த யூதக் கவிஞர் சாலமோன் இப்னு கபிரோலைப் பற்றிய ஒரு கேள்விக்குப் பதில் எழுதும்போது, அவருடைய தத்துவ நூல் ஏறத்தாழ 700 ஆண்டுகள் வேறு யாரோ ஒருவருடையதாகக் கருதப்பட்டது என்று ஒரு வரி எழுதியிருந்தேன். அந்த வரியைப் பிடித்துக்கொண்டு வாசகர்கள் பலர் கேள்விகள் அனுப்பியிருக்கிறார்கள். ஒரே கேள்வியைப் பலர் கேட்டிருந்த இடங்களில் அவற்றைச் சேர்த்துக்கொண்டு, இம்முறை பகுதி முழுவதையும் அவருக்கே ஒதுக்குகிறேன்.

கேள்வி: ஒருவர் எழுதிய நூல் 700 ஆண்டுகள் இன்னொருவருடையதாக எப்படி வழங்க முடியும்? யாராவது அதைத் திருடித் தம் பெயரில் வெளியிட்டார்களா?

பதில்: திருட்டு எதுவும் நடக்கவில்லை. நூல் ஒரு மொழியிலிருந்து இன்னொரு மொழிக்குப் போனபோது ஆசிரியரின் பெயர் உருமாறியது. உருமாறிய பெயருக்கு உரியவர் யார் என்பது பிறகு எவருக்கும் தெரியாமல் போனது. நடந்தது இவ்வளவுதான்.

இப்னு கபிரோல் தம் தத்துவ நூலை அரபி மொழியில் எழுதினார். 'உயிரூற்று' என்று தமிழில் சொல்லத்தக்க அந்த நூலை, 12-ஆம் நூற்றாண்டில் டொலேடோ நகரில் தொமினிக்கஸ் குந்திசாலினுஸ் என்ற கிறிஸ்தவ அறிஞர், யோவான் என்ற மற்றோர் அறிஞரின் துணையுடன் இலத்தீனில் மொழிபெயர்த்தார். இலத்தீன் ஏடுகளை எழுதியவர்களின் கையில் 'இப்னு கபிரோல்' என்ற பெயர் அவென்செப்ரோல், அவிசெப்ரோன் என்றெல்லாம் திரிந்தது. நூலுக்குள்ளே ஆசிரியரின் சமயத்தைக் காட்டிக்கொடுக்கும் தடயம் ஒன்றுகூட இல்லை. விவிலிய மேற்கோள் இல்லை. யூத குருமார்களின் கருத்து இல்லை. தொடக்கம் முதல் முடிவு வரை ஓர் ஆசிரியரும் ஒரு மாணவரும் தர்க்க முறையில் உரையாடிக்கொண்டே போகிறார்கள். ஆகவே பாரிஸ் பல்கலைக்கழகத்தில் அதைப் படித்தவர்களில் சிலர் அவிசெப்ரோனை அரபு முஸ்லிம் என்றும், சிலர் கிறிஸ்தவர் என்றும் எண்ணினார்கள். யூதர் என்று அவர்களில் எவரும் எண்ணவில்லை. இதற்கிடையே அரபி மூலம் தொலைந்துபோனது. இன்றுவரை அது முழுமையாகக் கிடைக்கவில்லை.

முடிச்சு 1846-இல் அவிழ்ந்தது. சாலமோன் முங்க் என்ற கீழைமொழி அறிஞர், பாரிஸ் நூலகத்தில் இருந்த எபிரேயக் கையெழுத்துச் சுவடிகளை ஆராய்ந்துகொண்டிருந்தார். அவற்றுள் ஒன்று, 13-ஆம் நூற்றாண்டில் ஷெம் தோவ் இப்னு ஃபலக்கேரா என்ற யூத அறிஞர் 'உயிரூற்று' நூலின் அரபி மூலத்திலிருந்து முக்கியப் பகுதிகளை எடுத்து எபிரேயத்தில் தந்த சுருக்கம். மூல நூலின் ஆசிரியர் சாலமோன் இப்னு கபிரோல் என்று அதில் தெளிவாகக் குறிக்கப்பட்டிருந்தது. முங்க் அந்தச் சுருக்கத்தை அவிசெப்ரோனின் இலத்தீன் நூலோடு பக்கத்தில் வைத்து ஒப்பிட்டார். வாதத்துக்கு வாதம் பொருந்தியது. கிறிஸ்தவ இறையியலாளர்கள் பல தலைமுறைகளாக மேற்கோள் காட்டியும் மறுத்தும் வந்த அவிசெப்ரோனும், யூதர்களின் பிரார்த்தனை நூல்களில் பாடல்களாக வாழ்ந்துகொண்டிருந்த கபிரோலும் ஒருவரே என்று உலகத்துக்குத் தெரிந்தது அப்போதுதான். சுவடிகளோடு மல்லாடிய முங்க் பிற்பாடு பார்வையை முற்றிலும் இழந்தார். இழந்த பிறகும் பணியை விடாமல், ஃபலக்கேராவின் சுருக்கத்தை பிரெஞ்சு மொழிபெயர்ப்போடு 1850-களின் இறுதியில் அச்சில் கொண்டுவந்தார். அறிவுலகம் அவருக்குப் பட்டிருக்கும் கடன் சிறிதல்ல.

கேள்வி: அவருடைய வாழ்க்கையைப் பற்றிச் சற்று விரிவாகச் சொல்லுங்கள். அவர் செல்வந்தரா, சமய குருவா, அரசவைக் கவிஞரா?

பதில்: செல்வந்தர் அல்லர்; சமயப் பதவி வகித்தவராகவும் தெரியவில்லை. புரவலர்களின் ஆதரவை நம்பி வாழ்ந்த கவிஞர் என்று சொல்வதே பொருத்தம். 1021 அல்லது 1022-இல் தென் ஸ்பெயினின் மலாகா நகரில் பிறந்தார். தம்மை மலாகாக்காரர் என்று சில பாடல்களில் அவரே கையொப்பமிட்டிருக்கிறார். கோர்தோபாவின் கலீபா ஆட்சி சிதறிக்கொண்டிருந்த காலம் அது. 1031-இல் கலீபா பதவியே ஒழிந்து, முஸ்லிம் ஸ்பெயின் பல சிற்றரசுகளாகப் பிரிந்தது. ஒவ்வொரு சிற்றரசரும் தம் அவையில் அறிஞரும் கவிஞரும் நிறைந்திருக்க வேண்டும் என்று விரும்பியதால், யூத அறிஞர்களுக்கும் அரசியலில் உயர்ந்த இடங்கள் கிடைத்தன. அதே காரணத்தால், ஓர் அரண்மனைக் கலகத்தில் அந்த இடங்கள் ஒரே நாளில் பறிபோகவும் செய்தன.

கபிரோல் வளர்ந்தது வடக்கே சரகோசாவில். சிறு வயதிலேயே தந்தையை இழந்தார். கொடிய தோல்நோய் ஒன்று அவரை வாட்டியதைப் பாடல்களில் மறைக்காமல் எழுதியிருக்கிறார். 16 வயதில் எழுதிய பாடல் ஒன்றில், தாம் அரசர் என்றும் கவிதை தமக்கு அடிமை என்றும் அறிவிக்கிறார். வயது பதினாறானாலும் தம் உள்ளம் எண்பது வயதினரின் உள்ளத்தைப் போல விளங்கிக்கொள்கிறது என்கிறார். இளைஞரின் தற்பெருமை என்று இதை ஒதுக்கிவிட முடியவில்லை. அவருடைய எபிரேய நடையை அறிந்தவர்கள் அவர் சொன்னதை ஒப்புக்கொள்ளவே செய்கிறார்கள்.

சரகோசாவில் அவருக்குத் துணையாக இருந்தவர் யெகுத்தியேல் இப்னு ஹசான் என்ற யூதப் பிரமுகர். அரசவையில் செல்வாக்கோடு இருந்த அவர், 1039-இல் ஏற்பட்ட ஆட்சிக் குழப்பத்தில் கொல்லப்பட்டார். அவருக்காகக் கபிரோல் எழுதிய நீண்ட இரங்கற்பா ஒன்று உண்டு. ஆனால் என் மனத்தில் நிற்பது, சில அடிகளே கொண்ட சிறு பாடல்தான். மாலைச் சூரியன் செந்நிற ஆடை உடுத்தியதுபோல் சிவந்து நிற்கிறது. வடக்கையும் தெற்கையும் வெறுமையாக்கிவிட்டு மேற்கை மட்டும் போர்த்துகிறது. பூமியை இரவின் நிழலில் ஆடையின்றி விட்டுச் செல்கிறது. அப்போது வானம் யெகுத்தியேலின் மறைவுக்காகச் சாக்குத் துணி உடுத்தியதுபோல் இருள்கிறது. துக்கம் காப்பவர்கள் சாக்குத் துணி உடுத்துவது விவிலிய கால வழக்கம். இறந்தவரின் பெருமைகளில் ஒன்றைக்கூட அந்தப் பாடல் அடுக்கவில்லை. ஓர் அந்திப் பொழுதைக் காட்டிவிட்டு, கடைசியில் ஒரு பெயரைச் சொல்லி முடித்துக்கொள்கிறது.

புரவலர் மறைந்த பிறகு சரகோசாவில் அவருடைய நிலை கசப்பாயிற்று. ஊரை விட்டுப் புறப்பட்டபோது எழுதிய பாடலில், கூவிக் கூவித் தொண்டை வறண்டுவிட்டது என்று தொடங்கி, தாயும் தந்தையும் இல்லாத இளைஞன், தனியன், ஏழை, உடன்பிறந்தார் இல்லாதவன், தன் எண்ணங்களைத் தவிர வேறு நண்பன் இல்லாதவன் என்று தம்மை வர்ணித்துக்கொள்கிறார். கிரனாடாவில் அமைச்சராகவும் படைத்தலைவராகவும் இருந்த யூதக் கவிஞர் சாமுவேல் ஹநாகிதைப் புகழ்ந்தும் பாடியிருக்கிறார். அந்த உறவும் நிலைக்கவில்லை. இறுதியில் வலென்சியாவில் இறந்தார். டொலேடோவில் வாழ்ந்த முஸ்லிம் வரலாற்றாசிரியர் சாயித், அவர் முப்பது வயதைத் தாண்டிய நிலையில் 1058-ஐ ஒட்டிய காலத்தில் இறந்ததாகக் குறிக்கிறார். பிற்கால யூத நூல் ஒன்று 1070 என்கிறது. சாயித் ஏறத்தாழ சமகாலத்தவர் என்பதால் அவர் சொல்வதையே நான் ஏற்கிறேன்.

கேள்வி: கவிதைக்கு எபிரேயம், தத்துவத்துக்கு அரபி என்று இரண்டு மொழிகளில் எழுதியது ஏன்?

பதில்: அவர் ஒருவர் மட்டுமல்லர், அக்கால முஸ்லிம் ஸ்பெயினின் யூத அறிஞர்கள் பெரும்பாலோரும் அப்படித்தான் எழுதினார்கள். அறிவியலும் மருத்துவமும் தத்துவமும் அரபியில் வளர்ந்திருந்தன; கலைச்சொற்கள் ஆயத்தமாக இருந்தன. எபிரேயமோ வேதத்தின் மொழி, வழிபாட்டின் மொழி. 10-ஆம் நூற்றாண்டில் துனாஷ் பென் லப்ராத் என்ற அறிஞர் அரபி யாப்பை எபிரேயத்தில் புகுத்தினார். அதன்பின், அரபிக் கவிதைக்கு எவ்வகையிலும் குறையாத கவிதை எங்கள் மொழியிலும் முடியும் என்று காட்டுவது யூதக் கவிஞர்களுக்கு ஒரு தன்மானப் பிரச்சினையாகவே ஆகிவிட்டது.

கபிரோலுக்கு இதில் இருந்த ஈடுபாடு ஆழமானது. 19 வயதில் எபிரேய இலக்கணத்தையே 400 அடிகள் கொண்ட செய்யுளாக இயற்றினார்; அதில் 100 அடிகளுக்கும் குறைவாகவே இப்போது எஞ்சியிருக்கிறது. தம் ஊர் யூதர்களில் பாதிப்பேர் கிறிஸ்தவர்களின் மொழியையும் பாதிப்பேர் அரபியையும் பேசிக்கொண்டு, தங்கள் சொந்த மொழியை மறந்துவிட்டார்கள் என்று அதில் மனம் வெதும்பிச் சொல்கிறார். மொழி அழிந்துவிடுமோ என்று அஞ்சி, அதைக் காக்க ஓர் இளைஞர் இலக்கணத்தைப் பாட்டாக்கினார் என்பது என்னை நெகிழவைக்கும் செய்தி.

கேள்வி: 'உயிரூற்று' என்னதான் சொல்கிறது? தத்துவம் படிக்காதவர்களுக்கும் புரியும்படி விளக்க முடியுமா?

பதில்: முயல்கிறேன். நூல் ஐந்து பகுதிகளாக அமைந்திருக்கிறது. அதன் மையக் கருத்தை இவ்வாறு சொல்லலாம்: இறைவன் ஒருவரைத் தவிர, இருப்பவை அனைத்தும் பொருள், வடிவம் என்ற இரண்டின் சேர்க்கை. வளையலும் மோதிரமும் வடிவத்தில் வேறு, பொன் என்ற பொருளில் ஒன்று. இதை உலோகம், கல், மரம் போன்றவற்றுக்குச் சொன்னால் எவரும் மறுக்கமாட்டார்கள். அரிஸ்டாட்டிலும் இதையே சொன்னார். கபிரோல் அங்கே நிற்கவில்லை. மனித ஆன்மா, வானவர்கள், பேரறிவு என்று நாம் உருவமற்றவையாகக் கருதும் யாவற்றுக்கும் அடியில் ஒரு பொருள் உண்டு என்கிறார். அது கையால் தொடக்கூடிய பருப்பொருள் அன்று. வடிவங்கள் எல்லாவற்றையும் தாங்கி நிற்கும், எல்லாவற்றுக்கும் பொதுவான, மிக நுண்ணிய ஓர் அடித்தளம். அதைப் பொதுப்பொருள் என்றும், அதன்மேல் முதலில் பதியும் வடிவத்தைப் பொதுவடிவம் என்றும் அழைக்கிறார்.

இந்த இரண்டும் சேரும்போது பேரறிவு தோன்றுகிறது. பேரறிவிலிருந்து ஆன்மாவின் மூன்று நிலைகளும், ஆன்மாவிலிருந்து இயற்கையும், இயற்கைக்குக் கீழே நாம் காணும் உடல் உலகமும் படிப்படியாக வருகின்றன. மேலே இருப்பது ஒளி மிகுந்தது. கீழே வரவர ஒளி மங்கி, பொருள் தடித்துப்போகிறது. இதுவரை சொன்னவற்றில் பெரும்பகுதியை அக்காலத்தில் அரபியில் வழங்கிய நவபிளேட்டோனியச் சிந்தனையில், அதாவது பிளேட்டோவின் வழிவந்து, எல்லாம் ஒரே மூலத்திலிருந்து படிப்படியாக வழிந்து வருகின்றன என்று சொன்ன மரபில் காணலாம். கபிரோலின் தனித்தன்மை அடுத்த படியில்தான் இருக்கிறது. இறைவனுக்கும் இந்தப் படைப்பு வரிசைக்கும் நடுவில் அவர் திருவுளத்தை வைக்கிறார். சூரியனிலிருந்து ஒளி வருவதுபோல் உலகம் இறைவனிடமிருந்து தன்னியல்பாக வழிந்துவிடவில்லை; இறைவன் உளங்கொண்டதனால் வந்தது. பொருளையும் வடிவத்தையும் இணைத்துப் பிடித்திருப்பதும், எல்லாவற்றிலும் ஊடுருவி இயக்குவதும் அந்தத் திருவுளமே. பார்ப்பவரின் உருவம் கண்ணாடியில் பதிவதுபோல் திருவுளத்திலிருந்து வடிவம் பொருளில் பதிகிறது என்று ஐந்தாம் பகுதியில் எழுதுகிறார்.

ஆன்மாவுக்குக்கூட ஒரு பொருள் உண்டு என்று அவர் ஏன் வலியுறுத்த வேண்டும்? என் வாசிப்பில் இதற்கு விடை இறைவனின் ஒருமையில் இருக்கிறது. சேர்க்கையே இல்லாத தனி ஒருமை இறைவனுக்கு மட்டும் உரியது என்றால், மற்ற அனைத்தும் குறைந்தது இரண்டாகவாவது இருந்தாக வேண்டும். வானவரும் அதற்கு விலக்கல்லர். அதே சமயம், கல்லும் வானவரும் ஒரே அடித்தளத்தில் நிற்பதால், மிகத் தாழ்ந்த பொருளிலிருந்து மிக உயர்ந்த அறிவுவரை ஏறிச் செல்ல அறுபடாத ஒரு வழியும் கிடைத்துவிடுகிறது.

அந்த வழியில் ஏறுவதே மனிதப் பிறவியின் நோக்கம் என்பது அவருடைய முடிவு. ஏறுவதற்குத் துணை இரண்டு: அறிவு, நற்செயல். நூலின் கடைசியில் மாணவர் கேட்கிறார்: இவ்வளவு பாடுபட்டு இதைக் கற்பதால் அடையும் பயன் என்ன? மரணத்திலிருந்து விடுதலையும், உயிரூற்றோடு ஒன்றுதலும் என்று ஆசிரியர் விடை தருகிறார். வறண்ட தர்க்கமாகப் பல பக்கங்கள் போன நூல் இந்த இடத்தில் வந்து முடியும்போது, இதை எழுதியவர் கவிஞர்தான் என்பதில் எனக்குச் சந்தேகமே எழவில்லை.

கேள்வி: கிறிஸ்தவர்கள் போற்றிய நூலை யூதர்கள் ஏன் மறந்தார்கள்?

பதில்: கிறிஸ்தவர்கள் எல்லோரும் போற்றவில்லை. பாரிஸ் ஆயராக இருந்த ஒவேர்னின் வில்லியம், அவிசெப்ரோனைத் தத்துவஞானிகளிலேயே மேன்மையானவர் என்று பாராட்டினார். திருவுளத்தைப் பற்றிய கருத்தைக் கண்டு, இவர் கிறிஸ்தவராகத்தான் இருக்க வேண்டும் என்றும் நம்பினார். பிரான்சிஸ்கன் சபை அறிஞர்கள் பலர் ஆன்மாவுக்கும் வானவர்களுக்கும் பொருள் உண்டு என்ற கருத்தை ஏற்றார்கள். ஆனால் கிறிஸ்தவ இறையியலாளர் தாமஸ் அக்குவினாஸ், இருப்பையும் சாரத்தையும் (ஒன்று இருக்கிறது என்பதையும் அது என்ன என்பதையும்) பற்றி இளமையில் எழுதிய சிறு நூலிலேயே, இந்தக் கருத்துக்கு மூலவர் 'உயிரூற்று' நூலின் ஆசிரியர் என்று சுட்டிக்காட்டி அதை மறுத்தார். வானவர்களுக்குப் பொருள் வேண்டியதில்லை, அவர்களை இறைவனிடமிருந்து வேறுபடுத்த அவர்களுடைய இருப்பு அவர்களுடைய சாரத்திலிருந்து வேறு என்பதே போதும் என்பது அவருடைய வாதம். இந்த விவாதம் 13-ஆம் நூற்றாண்டுப் பல்கலைக்கழகங்களில் மிகச் சூடாக நடந்தது. அதன் நடுவில் ஒரு யூதக் கவிஞரின் நூல் இருந்தது அங்கே வாதிட்டவர்களுக்குத் தெரியாது.

யூதர்களிடையே நிலைமை வேறு. ஏறத்தாழ 1160-இல் டொலேடோவில் வாழ்ந்த ஆபிரகாம் இப்னு தாவூத், தம் நூலில் 'உயிரூற்றை'க் கடுமையாகத் தாக்கினார். நூலின் கருத்துகளைச் சுருக்கினால் பத்தில் ஒரு பங்கில் அடக்கிவிடலாம், வாதங்கள் பலவீனமானவை, இது யூதர்களுக்கென்று எழுதப்படாமல் எல்லா மக்களுக்கும் பொதுவாக எழுதப்பட்டது. இவை அவர் கூறிய குறைகளில் சில. கடைசியாகச் சொன்னதை நான் குறையாகக் கருதவில்லை. வேத வசனத்தின் அதிகாரத்தைத் துணைக்கு அழைக்காமல், அறிவை மட்டும் கொண்டு எந்தச் சமயத்தவருடனும் பேச முடியும் என்று நம்பிய ஒருவர் எழுதிய நூல் அது. மூன்று சமயத்தாரும் அருகருகே வாழ்ந்த சரகோசாவில் இந்த நம்பிக்கை பிறந்ததில் வியப்பில்லை. அதற்கு அவர் கொடுத்த விலை, தம் சொந்த மக்களிடையே அந்த நூலுக்கு ஏற்பட்ட மறதி. இப்னு தாவூதுக்குப் பிறகு யூதச் சிந்தனை பெரும்பாலும் அரிஸ்டாட்டிலின் பக்கம் சாய்ந்துவிட்டதும் இதற்கு ஒரு காரணம்.

கேள்வி: அவர் மிகுந்த கோபக்காரர் என்று படித்தேன். உண்மையா?

பதில்: அடுத்த தலைமுறைக் கவிஞரும் விமர்சகருமான மோசே இப்னு எஸ்ரா அப்படித்தான் எழுதியிருக்கிறார்: கபிரோலின் அறிவைச் சினம் மீறிவிடும், அதை அடக்க அவரால் முடியவில்லை என்று. அவருடைய பாடல்களில் வரும் ஏச்சுகளைப் படித்தால் நம்பவே தோன்றுகிறது.

ஆனால் 1045-இல் சரகோசாவில் அவர் எழுதிய ஒழுக்க நூலையும் சேர்த்துப் படிக்க வேண்டும். ஆன்மாவின் குணங்களைச் சீர்ப்படுத்துவது பற்றிய அந்த அரபி நூலில், இருபது குணங்களை ஐந்து புலன்களுக்கும் நான்கு நான்காகப் பங்கிடுகிறார். செருக்கும் அடக்கமும் கண்ணைச் சேர்ந்தவை. அன்பும் வெறுப்பும் செவியைச் சேர்ந்தவை. சினத்தின் இடம் மூக்கு. பிறவியிலேயே அமைந்த இந்தக் குணங்களை வேரோடு பிடுங்க முடியாது, பழக்கத்தாலும் அறிவாலும் நெறிப்படுத்தலாம் என்பது அவருடைய நிலைப்பாடு. சினத்தோடு வாழ்நாள் முழுவதும் போராடியவர் இதை எழுதினார் என்பதால் அந்த நூலை நான் மேலும் மதிக்கிறேன்.

விருந்தில் மது தீர்ந்துபோய்த் தண்ணீர் பரிமாறிய வீட்டுக்காரரைக் கேலி செய்து அவர் பாடிய பாடல் ஒன்றும் இருக்கிறது. எப்போதும் சிடுசிடுத்துக்கொண்டே இருந்த மனிதராக அவரைக் கற்பனை செய்துகொள்ள வேண்டாம்.

கேள்வி: 'அரச மகுடம்' அவருடைய மிகச் சிறந்த படைப்பு என்கிறார்கள். அது கவிதையா, வானியலா, பிரார்த்தனையா?

பதில்: மூன்றும்தான். எதுகையோடு கூடிய உரைநடையில் 40 பகுதிகளாக அமைந்த நீண்ட எபிரேயப் பாடல் அது. பகுதிகள் பெரும்பாலும் விவிலியச் சொற்றொடர் ஒன்றைத் தொட்டு முடிகின்றன. தத்துவ நூலில் வேத வசனம் ஒன்றுகூட இல்லை. இங்கே ஒவ்வொரு வளைவிலும் வேதம் ஒலிக்கிறது. எழுதியவர் ஒருவரே.

முதல் பகுதிகள் இறைவனைப் போற்றுகின்றன. அவற்றில் எட்டாம் பகுதியைத் தனியாகச் சொல்லியாக வேண்டும். நீரே இறைவன், எல்லாப் படைப்புகளும் உம் அடியார்கள், உம்மையன்றிப் பிறவற்றை வணங்குபவர்களால் உம் மாட்சி குறைவதில்லை, ஏனெனில் அவர்கள் அனைவரின் நோக்கமும் உம்மை வந்தடைவதே என்று பாடுகிறார். ஆனால் அவர்கள் அரசபாதையை நோக்கி முகத்தை வைத்துப் புறப்பட்டு, வழி தவறிய பார்வையற்றவர்களைப் போன்றவர்கள் என்று தொடர்கிறார். பிற சமயங்களைச் சரியென்று அவர் சொல்லிவிடவில்லை. இருந்தாலும், வழி தவறியவரும் தேடியது அதே இறைவனைத்தான் என்று ஒரு பிரார்த்தனைக்குள்ளேயே சொல்ல 11-ஆம் நூற்றாண்டில் ஒருவருக்கு மனம் வந்தது.

பிறகு பாடல் வானில் ஏறுகிறது. பூமி, நீர், காற்று, நெருப்பு, அவற்றைச் சூழ்ந்து சந்திரன், புதன், வெள்ளி, சூரியன், செவ்வாய், வியாழன், சனி, அதற்கும் மேலே ராசி மண்டலம், எல்லாவற்றையும் சுழற்றும் ஒன்பதாம் கோளம், பத்தாவதாகப் பேரறிவின் கோளம் என்று ஒவ்வொன்றாக வருகின்றன. சந்திரன் பூமியில் 39-இல் ஒரு பங்கு, சூரியன் பூமியைப் போல் 170 மடங்கு என்று அக்கால வானியல் அளவுகளையும் தருகிறார். இந்த அளவுகள் இன்று செல்லாதவை. பூமியை நடுவில் வைத்த அந்த அண்டமே இன்று இல்லை. ஆனாலும் படிக்கும்போது அது இடையூறாக இல்லை. ஒவ்வொரு கோளத்தையும் கடந்து, உம் மகத்துவத்தை யாரால் சொல்ல முடியும் என்று மீண்டும் மீண்டும் வியந்து ஏறுகிற குரல்தான் நம்மை இழுத்துச் செல்கிறது.

ஏறிய உயரத்திலிருந்து பாடல் கடைசிப் பகுதிகளில் சட்டென்று மண்ணுக்கு இறங்குகிறது. இவ்வளவு பெரிய அண்டத்தின் முன் நான் யார், புழுவும் தூசியும் அல்லவா என்று தம் பாவங்களை அறிக்கையிடத் தொடங்குகிறார். அங்கேதான் அந்தப் புகழ்பெற்ற வரி வருகிறது: என் குற்றத்தை நீர் தேடி வந்தால், உம்மிடமிருந்து உம்மிடமே ஓடுவேன், உம் சினத்துக்குத் தப்பி உம் நிழலிலேயே ஒளிந்துகொள்வேன். இறைவனிடமிருந்து தப்ப இறைவனைத் தவிர வேறு புகலிடம் இல்லை என்ற கருத்து குர்ஆனின் ஒன்பதாம் அத்தியாயத்திலும் உண்டு. அரபிச் சூழலில் வளர்ந்த கபிரோலுக்கு அது பழக்கமான சிந்தனைதான். ஆனால் அடுத்த அடியிலேயே, நீர் இரங்கும்வரை உம் இரக்கத்தின் ஆடை விளிம்பைப் பற்றிக்கொள்வேன், என்னை ஆசீர்வதித்தாலன்றி விடமாட்டேன் என்று, விவிலியத்தில் வானவரோடு இரவெல்லாம் மல்லுக்கு நின்ற யாக்கோபின் சொற்களை எடுத்துக்கொள்கிறார். இரண்டு மரபுகளும் அந்த இரண்டு அடிகளில் ஒட்டுத் தெரியாமல் கலந்துவிடுகின்றன. யூதர்களின் மிகப் புனிதமான பாவநிவாரண நாளான யோம் கிப்பூரில் இந்தப் பாடலைப் படிக்கும் வழக்கம் பல சமூகங்களில் ஏற்பட்டது.

கேள்வி: தத்துவ நூலும் கவிதையும் ஒருவருடையவை என்று சுவடி கிடைக்காமலேயே கண்டுபிடித்திருக்க முடியாதா?

பதில்: கூர்ந்து படித்திருந்தால் ஐயமாவது எழுந்திருக்கும். 'அரச மகுடத்தின்' ஒன்பதாம் பகுதியைப் பாருங்கள். நீர் ஞானமுள்ளவர், உயிரூற்றாகிய ஞானம் உம்மிடமிருந்து பொங்குகிறது என்று அது தொடங்குகிறது. தத்துவ நூலின் பெயர் அப்படியே இங்கே இருக்கிறது. விவிலியத்தின் சங்கீதம் 36-இல் வரும் சொற்றொடர் அது. தொடர்ந்து, இறைவன் தம் ஞானத்திலிருந்து திருவுளத்தைப் பிரித்தெடுத்து, அதை ஒரு கைவினைஞரைப் போல் பணியில் அமர்த்தினார் என்றும், கண்ணிலிருந்து ஒளி இழுக்கப்படுவதுபோல் இன்மையிலிருந்து இருப்பின் ஒழுக்கை இழுக்கச் செய்தார் என்றும் பாடுகிறார். பார்வை என்பது கண்ணிலிருந்து புறப்படும் ஒளி என்று நம்பிய காலம் அது. ஆசிரியரும் மாணவரும் ஐந்து பகுதிகளில் வாதிட்டு அடைந்த முடிவு இங்கே சில அடிகளில் பிரார்த்தனையாக நிற்கிறது. ஆனால் இலத்தீன் படித்தவர்கள் எபிரேயப் பிரார்த்தனை நூலைத் திறக்கவில்லை; பிரார்த்தனை செய்தவர்களின் கையில் இலத்தீன் நூல் இல்லை.

இன்றும் பல நூல்களில் தத்துவ வரலாறு ஒரு கபிரோலையும் இலக்கிய வரலாறு வேறொரு கபிரோலையும் பேசிக்கொண்டிருப்பதைக் காண்கிறேன். இது எனக்கு உடன்பாடில்லை. திருவுளத்தைப் பற்றிய வாதம் ஏன் அவருக்கு அவ்வளவு முக்கியம் என்பது, மன்னிப்புக்காக அவர் மன்றாடுவதைக் கேட்ட பிறகே எனக்கு விளங்கியது. உளங்கொள்ளாத ஒரு மூலத்திடம் யார்தான் மன்னிப்புக் கேட்க முடியும்?

கேள்வி: ஓர் அரபுக் கவிஞர் பொறாமையால் அவரைக் கொன்று அத்திமரத்தடியில் புதைத்தார் என்ற கதை உண்மையா? மரத்தால் ஒரு பெண்ணைச் செய்து வேலை வாங்கினாராமே?

பதில்: இரண்டும் பிற்காலக் கதைகள். முதல் கதை 16-ஆம் நூற்றாண்டில் எழுதப்பட்ட யூத வரலாற்று நூல் ஒன்றில் வருகிறது. அந்த அத்திமரம் பருவத்துக்கு முன்பே அளவுக்கு மீறி இனித்த பழங்களைத் தந்ததால் குற்றம் வெளிப்பட்டதாம். மரப்பெண் கதை அதற்கும் பிந்தியது. வரலாறாக எடுத்துக்கொள்ள இரண்டிலும் ஒன்றுமில்லை.

கேள்வி: அவரை வாசிக்க விரும்புகிறவர் எங்கிருந்து தொடங்கலாம்?

பதில்: விடியலில் உம்மைத் தேடுகிறேன் என்று தொடங்கும் நான்கு அடிப் பாடலிலிருந்து தொடங்குங்கள். யூதர்களின் காலைப் பிரார்த்தனை நூல்கள் பலவற்றில் அது இடம்பெற்றிருக்கிறது. உம் பெருமைக்கு முன் நின்று நடுங்குகிறேன், என் உள்ளத்தின் எண்ணங்களை எல்லாம் உம் கண் காண்கிறதே என்பது அதன் இரண்டாம் அடியின் கருத்து. எபிரேய மூலத்தில் நான்கு அடிகளின் முதல் எழுத்துகளைச் சேர்த்தால் சாலமோன் என்ற பெயர் வரும். தத்துவ நூலில் தொலைந்த பெயரை இந்தச் சிறு பாடல் விடாமல் வைத்திருந்தது. பிறகு 'அரச மகுடத்தை' முழுவதும் படியுங்கள்; இரண்டுக்கும் நல்ல ஆங்கில மொழிபெயர்ப்புகள் உண்டு. 'உயிரூற்றை' அதன்பின் எடுப்பதே நல்லது. அதன் மூன்றாம் பகுதி, ஆன்மா, பேரறிவு போன்ற உடலற்றவை இருக்கின்றன என்பதற்கு வாதத்தின்மேல் வாதமாக அடுக்கிச் செல்வதால், முதல் வாசிப்பிலேயே பலரைச் சோர்வடையச் செய்துவிடும். முதல் பகுதியை முடித்ததும் நேரே ஐந்தாம் பகுதிக்குப் போய், திருவுளத்தைப் பற்றிய உரையாடலைப் படித்துவிட்டு, அதன்பின் மூன்றாம் பகுதிக்குத் திரும்புங்கள். அந்த வாதங்கள் எதற்காக என்பது அப்போது தெரிந்திருக்கும்.